யார் தயாராக வேண்டும்?

சிங்கவரத்தில், ரங்கநாதர் குடைவரைக் கோயிலின் அடிவாரத்தில் எங்கள் வீடு. தெற்கிலிருந்து ஒரு கன்னி இன நாய்க்குட்டி வந்ததும், "இப்பவே அடக்கி வை, இல்லாட்டி கைமீறிடும்" என்றார் பெரியப்பா. எனக்கு 12 வயதானபோது அம்மாவிடமும் இதையேதான் சொன்னார்.

எட்டு வாரக் குட்டிக்கே பழக்கத் தொடங்கலாம். ஆனால் வாரக் கணக்கு மட்டும் போதாது. பேர் சொன்னால் திரும்புகிறதா, புது இடத்தில் தின்கிறதா, கை நீட்டினால் ஒடுங்காமல் வருகிறதா என்று பார்க்க வேண்டும். பயந்த குட்டியும் சொன்னால் உட்காரும். அது கற்றுக்கொண்டது அல்ல.

பெண்ணின் மணவயதை 1929இன் சாரதா சட்டம் 14 ஆக்கியது. 1978இல் அது 18 ஆனது. அந்த எண்கள் சிறுமிகளுக்குக் காவல். ஆனால் "உனக்குச் சம்மதமா?" என்ற கேள்வியை எந்த எண்ணும் நமக்காகக் கேட்டுவிடாது.

பெண்ணும் நாயும் ஒன்றல்ல. வண்டி வரும் தெருவில் குட்டி "நில்" என்றால் நின்றாக வேண்டும். அது அதன் உயிருக்காக. என்னைக் குனியச் சொன்னது யாருக்காக?

பத்து நாள் காத்திருந்தேன். பதினோராம் நாள் அதுவாக வந்து என் கையை முகர்ந்தது. அன்றுதான் "வா" என்று சொல்லிக்கொடுத்தேன். பெரியப்பா குரல் கேட்டால் இன்றும் கட்டிலுக்கடியில் போய்விடுகிறது.