நாற்காலியை விடுவதும் விடாமல் இருப்பதும்

மனசாட்சிக்கு ஒவ்வாத சட்டத்தைக் கொண்டுவரும்படி சொன்னால் அமைச்சர் என்ன செய்ய வேண்டும்? ராஜினாமா செய்ய வேண்டும் என்று சட்டென்று சொல்லிவிடுவோம். விலகியவரை மெச்சுவது எளிது. அதனால் யாருக்கு என்ன பயன் என்று கேட்பதுதான் சங்கடம். ஜெர்மனியில் இரண்டு முறை சட்ட அமைச்சராக இருந்த சபீனே லாய்ட்ஹாய்சர்-ஷ்னாரன்பெர்கர் விஷயத்தில் அந்தக் கேள்வியைத் தவிர்க்க முடியாது.

சான்சலர் ஹெல்முட் கோல் அமைச்சரவையில், சுதந்திர ஜனநாயகக் கட்சியின் சார்பில் 1992-இல் அவர் பொறுப்பேற்றார். குற்றக் கும்பல்களைப் பிடிக்க, வீடுகளுக்குள் ரகசியமாக மைக் வைத்து ஒட்டுக்கேட்கும் அதிகாரம் போலீசுக்கு வேண்டும் என்று கூட்டணியின் பெரிய கட்சி வற்புறுத்தியது. வீட்டின் அந்தரங்கத்தை மீறக் கூடாது என்கிறது ஜெர்மன் அரசியல் சாசனத்தின் 13-ஆவது பிரிவு. கெஸ்டபோ, ஸ்டாசி என்ற ரகசியப் போலீஸ்களை அனுபவித்த நாட்டில் அது வெறும் எழுத்து அல்ல. சபீனே மறுத்தார். 1995 டிசம்பரில் அவருடைய கட்சி தன் உறுப்பினர்களிடமே வாக்கெடுப்பு நடத்தியது. வாக்களித்தவர்களில் 60 சதவீதத்துக்கும் மேற்பட்டோர் ஒட்டுக்கேட்பை ஆதரித்தார்கள். விலகுவதாக அறிவித்த சபீனே, 1996-இல் பதவியை விட்டார்.

பெரும்பான்மை சொன்னதை ஏற்காதது ஜனநாயகமா என்று கேட்கலாம். அவர் அந்தத் தீர்ப்பை மறுக்கவில்லை. அதை நிறைவேற்றும் கையாகத் தான் இருக்க மாட்டேன் என்றார், அவ்வளவுதான். இதைவிடக் கனமான ஆட்சேபம் வேறு இருக்கிறது. அவர் போனதால் எதுவும் நிற்கவில்லை. அதே கட்சிக்காரர் ஒருவர் அந்த நாற்காலியில் அமர்ந்தார்; 1998-இல் சாசனமே திருத்தப்பட்டது. உள்ளேயே இருந்திருந்தால் சட்டத்தின் கூர்மையைக் கொஞ்சமாவது மழுக்கியிருக்கலாமே? தன் கையில் கறை படாமல் பார்த்துக்கொண்டு, பாரத்தை மற்றவர் தலையில் இறக்கிவைப்பதும் ஒருவகைச் சுயநலம்தான். பல ராஜினாமாக்களின் யோக்கியதை இவ்வளவே.

இவருடையதை அந்தக் கணக்கில் சேர்க்க முடியாததற்குக் காரணம், விலகிய பிறகு அவர் செய்தது. தன் கட்சியின் மூத்தவர்களான கெர்ஹார்ட் பௌம், புர்க்ஹார்ட் ஹிர்ஷ் ஆகியோருடன் சேர்ந்து, சொந்தக் கட்சி ஆதரித்த சட்டத்தை எதிர்த்து கார்ல்ஸ்ரூவேயிலுள்ள அரசியல் சாசன நீதிமன்றத்துக்குப் போனார். 2004 மார்ச் 3 அன்று தீர்ப்பு வந்தது. திருத்தம் தப்பியது, ஆனால் ஒட்டுக்கேட்புக்கான நடைமுறை விதிகளில் பெரும்பகுதி சாசனத்துக்கு முரணானது என்றார்கள் நீதிபதிகள். காதில் ஹெட்போனுடன் உட்கார்ந்திருக்கும் போலீஸ்காரர், கணவனும் மனைவியும் அந்தரங்கமாகப் பேசத் தொடங்கினால் உடனே நிறுத்திவிட வேண்டும். பதிவாகிவிட்டால் அழித்துவிட வேண்டும். குற்றவாளிகள் இதை ஒரு கேடயமாக்கிக்கொள்ள மாட்டார்களா என்ற போலீஸ் தரப்புக் கவலையும் பொய்யல்ல. ஆனாலும் ஒரு வீட்டில் யாருமே கேட்காமல் பேசுவதற்கு ஓர் இடம் மிஞ்ச வேண்டும் என்பதுதான் கனமாகப் படுகிறது.

2009-இல் சான்சலர் மெர்க்கல் அமைச்சரவையில் அதே பதவி மறுபடி வந்தது. இப்போது சண்டை, எல்லோருடைய தொலைபேசித் தொடர்பு விவரங்களையும் ஆறு மாதம் சேமித்துவைக்கச் சொல்லும் சட்டத்தைப் பற்றி. அதை எதிர்த்து வழக்குப் போட்டவர்களில் அவரும் ஒருவர். 2010 மார்ச்சில் அது செல்லாது என்று தீர்ப்பு வந்தபோது, வாதியே சட்ட அமைச்சராக இருந்தார்! கூட்டணிக் கட்சி புதிய சட்டம் கேட்டது. இப்படிச் சேமித்துவைக்கச் சொல்லும் ஐரோப்பிய ஒன்றியத்தின் உத்தரவை அமல்படுத்தவில்லை என்று 2012-இல் ஐரோப்பிய ஆணையம் ஜெர்மனி மேல் வழக்குத் தொடுத்து, நாளொன்றுக்கு மூன்று லட்சம் யூரோவுக்கு மேல் அபராதம் கேட்டது. இந்த முறை அவர் விலகவில்லை. உட்கார்ந்தபடியே தடுத்தார்.

1996-இல் போனவர் இப்போது ஏன் போகவில்லை? அன்று கட்சி அவர் பின்னால் இல்லை, நாற்காலியில் தடுக்கும் பலமும் இல்லை. இன்று இரண்டும் இருந்தன. கொள்கை மாறவில்லை, சூழ்நிலைதான் மாறியது. என்றாலும் முதல் முடிவைவிட இரண்டாவதை நியாயப்படுத்துவது கடினம். நாடு ஏற்றுக்கொண்ட சட்டக் கடமையைச் சட்ட அமைச்சரே தள்ளிப்போடுவது சுத்தமான காரியம் அல்ல. விலகியவர் இழந்தது தன் பதவியை. தங்கியவர் பணயம் வைத்தது நாட்டின் பணத்தை. அதை அவர் மக்களிடம் ஒளிக்கவில்லை, மாற்று யோசனையும் முன்வைத்தார் என்பதே அவருக்குச் சாதகமாகச் சொல்லக்கூடியது.

2014 ஏப்ரல் 8 அன்று ஐரோப்பிய நீதிமன்றம் அந்த உத்தரவையே ரத்துசெய்தது. அப்போது அவர் அமைச்சர் இல்லை. 2013 தேர்தலில், இடம்பெறத் தேவையான 5 சதவீத வாக்கை எட்ட முடியாமல் அவருடைய கட்சியும் நாடாளுமன்றத்தை விட்டு வெளியேறியிருந்தது.