காந்தியின் நிழலுக்கு யார் உடையவர்?

உடைமை என்றால் என்ன என்பதை இந்தியத் தரும நூல் மரபு நெடுங்காலம் விவாதித்திருக்கிறது. அம்மரபில் வழங்கும் விளக்கங்களுள் ஒன்றின்படி சுவத்துவம், அதாவது உடைமைத்தன்மை, என்பது ஒரு பொருளை விரும்பியவாறு பயன்படுத்தும் தகுதியாகும். பழைய செய்திப்படக் காட்சிகளைத் திரைப்படத் தயாரிப்பாளர்கள் காப்பகங்களிடம் பெறும் முறையை இவ்விளக்கத்தோடு பொருத்திப் பார்த்தால், அங்கே கைமாறுவது உடைமையே அன்று என்பது விளங்கும். இத்தனை நொடிகள், இந்தப் படத்தில், இத்தனை ஆண்டுகள், இன்ன நாடுகளில் என்று வரம்பிட்டுத் தரப்படும் அனுமதியே உரிமம். அதில் பதிப்புரிமை விலைபேசப்படுகிறதே தவிர, காட்சியில் இருக்கும் மனிதருக்குப் பெரும்பாலும் இடமில்லை.

காந்தியைப் பொறுத்தவரை இந்த இடைவெளி உறுத்துகிறது. 'இந்திய சுயராஜ்யம்' நூலின் ஆங்கில வடிவத்தை 1910இல் வெளியிட்டபோது உரிமை எதையும் தமக்கென ஒதுக்கிக்கொள்ளாதவர் அவர். பின்னாளில் நவஜீவன் அறக்கட்டளையிடம் அவர் ஒப்படைத்த எழுத்துரிமையும் 2008 இறுதியோடு முடிந்தது. ஆனால் திரையில் அசையும் அவர் உருவம் பிறர் கையிலேயே இருந்தது. 1937இல் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்ற கப்பலில் காந்தி ஆவணப்படத்தைத் திட்டமிட்ட ஏ.கே. செட்டியார், சுமார் 30 ஆண்டுகளில் பலர் எடுத்திருந்த படச்சுருள்களைத் தேடி உலகைச் சுற்றி, ஏறத்தாழ 50,000 அடி திரட்டி, 1940இல் தமிழ்ப் படத்தை வெளியிட்டார். உடைமையை மறுத்தவரின் உருவத்துக்காக உடையவர்களின் கதவுகளைத் தட்ட வேண்டியிருந்தது.

இதற்கான விடை காந்தியிடமே உண்டு. கீதை கூறும் அபரிக்கிரகத்தை, அதாவது எதையும் தனதென்று பற்றாத நிலையை, உலகியலில் எவ்வாறு கடைப்பிடிப்பது என்று திகைத்த அவர், ஸ்னெல் எழுதிய ஆங்கிலச் சட்டநூலில் பயின்ற அறங்காவலர் என்னும் கருத்தால் தெளிவு பெற்றதாகச் 'சத்திய சோதனை'யில் சொல்கிறார். பெருஞ்செல்வம் தன் பொறுப்பில் இருந்தும் அதில் ஒரு காசையும் தனதென்று கருதாதவரே அறங்காவலர். காப்பகத்தை அவ்வாறு கருதினால், எளிதில் தீப்பற்றி நாளடைவில் சிதையும் நைட்ரேட் சுருள்களைக் குளிர்ந்த அறைகளில் காத்து எண்ணிமமாக்கும் செலவுக்குக் கட்டணம் கேட்பது நியாயமே. எளிய ஆவணப்படக்காரர் எட்ட முடியாத விலை வைப்பது அக்காவலுக்கு முரணானது. வாங்குபவரையும் இதே அறம் கட்டுகிறது: ஓர் ஆண்டின் முகத்தையும் வேறோர் ஆண்டின் கூட்டத்தையும் ஒட்டி ஒரே நிகழ்வாகக் காட்டும் உரிமையை எந்த உரிமமும் அவருக்கு அளிக்க இயலாது. பதிப்புரிமைக் காலம் முடிந்து காட்சி பொதுவுடைமையாகும்போது பதிப்புரிமைக்கான கட்டணம் நீங்கும்; இக்கடப்பாடு நீங்காது, ஏனெனில் அது உடையவரிடம் அன்றி உருவத்துக்குரியவரிடமே பட்ட கடன்.

காவல் தவறினால் நேர்வதைச் செட்டியாரின் படமே காட்டுகிறது. அத்தனை சுருள்களிலிருந்து பிறந்த 1940ஆம் ஆண்டுத் தமிழ் வடிவம் மறைந்துபோயிற்று. அமெரிக்காவில் 1953இல் உருவான சுருக்கமான ஆங்கில வடிவமே, பல பத்தாண்டுகளுக்குப் பின், சான்பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகச் சேகரிப்பிலிருந்து மீட்கப்பட்டது.