மேடை நம்முடையது, கயிறு யாருடையது?

மேடை ஏற ஒரு காலத்தில் பிறப்பு வேண்டும். பின்னர்ப் பணம் வேண்டும். அதன் பின்னர்ப் பரிந்துரை வேண்டும். இன்று ஒரு கைபேசி போதும்! கழனியில் நிற்பவன் கலைஞனாகிறான். கடலில் வலை வீசுபவன் கதை சொல்லியாகிறான். இது வளர்ச்சியா, வீழ்ச்சியா? வரவேற்பதா, வசை பாடுவதா? பகுத்தறிவு பேசும் நாம் விடை காணவேண்டிய வினா இது.

வசை பாடுவோர் பலர். "கூத்தாடிகள் பெருகிவிட்டனர்" என்று குமுறுகின்றனர். புதிய குரலா இது? செங்கற்பட்டுச் சீமையில் விடிய விடியக் கூத்தாடியவனைக் கண்டு களித்த ஊர், விடிந்ததும் அவனை இகழ்ந்தது. நாடகம் நாட்டை எழுப்பிவிடும் என்று அஞ்சிய வெள்ளை ஆட்சி 1876-இல் ஒரு சட்டம் செய்தது. எம்.ஆர். இராதாவின் நாடகங்களைக் கண்டு மிரண்ட சென்னை அரசு 1954-இல் மற்றொன்று செய்தது. எளியோர் கலையை ஏளனம் செய்வதும், ஏளனம் எடுபடாவிடில் தடை போடுவதும் ஆதிக்கத்தின் பழைய பழக்கம்!

கடல் கடந்தும் இதே கதைதான். இந்தோனேசியாவைப் பாருங்கள். மத்தள ஒலியையே பெயராகக் கொண்ட டாங்டுட் இசை, மலாய் மெட்டும் அரபு மெட்டும் இந்தித் திரை மெட்டும் கலந்து பிறந்த பாமரர் இசை. 2003-இல் இனுல் தரதிஸ்தா என்ற பாடகியின் ஆட்டம் திருட்டுக் குறுவட்டுகள் வழியே பரவிப் புகழ் பெற்றது. மதத் தலைவர்கள் சீறினர், மூத்த பாடகர் ரோமா இராமா கண்டித்தார், மக்களோ பார்த்தனர்! 2025-இல் அதே நாட்டின் ரியாவ் மாநிலத்தில், நீண்ட பந்தயப் படகின் முனையில் நின்று கையசைத்து ஆடிய 11 வயதுச் சிறுவனை உலகமே கைபேசியில் கண்டது. புகழ்மிக்க விளையாட்டு வீரர்கள் அவனைப் போல ஆடி மகிழ்ந்தனர். எந்த அரங்கமும் அழைக்காத ஆற்றங்கரைச் சிறுவன் அவன்!

இங்கு மட்டும் என்ன? 2016-இல் ஜியோ வந்தபின் இணையக் கட்டணம் சரிந்தது. சிற்றூரின் கதவு திறந்தது. புதுக்கோட்டை மாவட்டம் சின்னவீரமங்கலத்து உழவர் குடும்பம் ஒன்று 2018-இல் திறந்த வெளியில் சமைத்துக் காட்டத் தொடங்கிற்று. 'வில்லேஜ் குக்கிங் சேனல்' என்ற அந்த அலைவரிசை 2021-இல் 1 கோடிச் சந்தாதாரர்களைப் பெற்றது. அவ்வாண்டே கொரோனா நிவாரணத்துக்கு 10 இலட்சம் ரூபாய் வழங்கிற்று. 'தூத்துக்குடி மீனவன்', 'உங்கள் மீனவன் மூக்கையூர்' என்று கடலோடிகளே தம் கடலைக் காட்டுகின்றனர். மீனவனைப் பற்றிப் பிறர் பேசிய காலம் போயிற்று, மீனவனே பேசுகிறான்! மாமல்லபுரக் கரையில் வலை உலர்த்தும் இளைஞனுக்கும் அந்த வாயில் திறந்தே இருக்கிறது. இதை இகழ்பவன் கலையைக் காப்பவனல்லன். தன் காவற்பதவியைக் காப்பவன்.

ஆனால், தோழர்களே, மேடை கிடைத்ததென்று மகிழும்போதே கயிறு யார் கையில் என்றும் கேட்கவேண்டாமா? 2005-இல் தோன்றிய யூடியூபை 2006-இல் கூகுள் 165 கோடி டாலருக்கு வாங்கிற்று. எந்தக் காட்சியை எவர் கண்முன் வைப்பது என்பதை அந்நிறுவனத்தின் கணக்குமுறையே முடிவு செய்கிறது. "இது உண்மையா?" என்பதைவிட, "இது கண்ணை எவ்வளவு நேரம் கட்டி வைக்கும்?" என்பதே அந்தக் கணக்கில் பெரிது. "நம் காட்சி ஓடவில்லை, தலையெழுத்து!" என்று நொந்துகொள்கிறான் இளைஞன். தலையெழுத்தன்று தம்பி, மனிதன் எழுதிய எழுத்து! மனிதன் எழுதியதை மனிதன் வினவலாம், திருத்தலாம். 2020 ஜூன் 29 அன்று டிக்டாக் தடை செய்யப்பட்டது. அதில் புகழ் சேர்த்த எளியோரின் மேடை ஓரிரவில் மறைந்தது. இரவல் மேடையின் இயல்பு அது.

இன்னொன்று: கோடிப் பேர் பார்த்தது நல்லதாகிவிடுமா? மாமல்லபுரத்துப் பெரும்பாறைச் சிற்பத்தைக் கண்டிருப்பீர்கள். தவசியைப் போல் முன்கால் தூக்கி நிற்கிறது ஒரு பூனை. அதன் காலடியில் எலிகள். எலிகளின் எண்ணிக்கை பூனையை முனிவனாக்குமா? ஒரே வாரத்தில் நோய் தீர்ப்பவனும், நாளும் கோளும் கணிப்பவனும் இன்று அப்பூனையின் கோலத்தில் கைபேசியில் நிற்கின்றனர். சாதிப் பட்டத்தைத் துறக்கச் சொல்லி 1929 பிப்ரவரியில் மாநாடு கூடிய ஊர் செங்கற்பட்டு. அந்த மண்ணின் மாணவன் கையிலும் சாதிப் பெருமை பேசும் காட்சித் துண்டு வந்து விழுகிறதே!

பசித்தவனுக்குச் சோறு தந்து, அதைப் படம் பிடித்துப் பரப்பும் கொடையை எண்ணுவோம். "படம் ஓடினால் பணம் வரும், பணம் வந்தால் இன்னும் நூறு பேர் உண்பர்" என்கின்றனர். ஒதுக்கித் தள்ளும் வாதமன்று. பசி தீர்ந்தது மெய்தான். எனினும் ஒன்று கேட்போம்: "படம் வேண்டாம்" என்று அவன் சொன்னால், சோறு கிடைக்குமா? கிடைக்கும் எனில் அது கொடை. கிடைக்காது எனில் அது வாணிகம். விலை அவன் முகம்! தன் உழைப்பைக் காட்டுபவன் கலைஞன். பிறன் இழிநிலையைக் காட்டிப் பிழைப்பவனுக்கு அப்பெயர் பொருந்தாது.

பார்ப்பவனுக்குப் பழியில்லையா? உண்டு. நாம் செலவிடும் ஒவ்வொரு நிமிடமும் அந்தக் கணக்குமுறைக்கு நாம் தரும் வாக்கு. வாக்கை விற்கக்கூடாது என்று ஊருக்கு உரைக்கும் நாம், விரலை விற்கலாமா? பொய்யைக் கண்டால் பகிராதிருப்போம். இழிவைக் கண்டால் விலகுவோம். உழைப்பவன் தன் குரலில் பேசும்போது நின்று கேட்போம். தடைச் சட்டம் செய்ய முடியாத வேலை இது. நம் விரல் செய்யும்!