காலத்தைப் பூட்டும் ஒப்பந்தம்

மந்திர உலகங்களைப் படைக்கும் கதாசிரியர்கள் கொடையில் வள்ளல்கள். பறக்கும் கம்பளத்தையும், உருமறைக்கும் போர்வையையும் கேட்பதற்கு முன்பே எடுத்து நீட்டிவிடுவார்கள். சென்ற காலத்துக்குத் திரும்பிச் செல்லும் ஆற்றலை வழங்கும்போது மட்டும் அவர்களுடைய கை சற்றே நடுங்குகிறது. அதனுடன் ஒரு சட்டத்தையும் சேர்த்தே கொடுக்கிறார்கள். கற்பனை நாட்டுக்கு இத்தனை கண்டிப்பான சட்டம் எதற்கு என்று நாம் எண்ணிப் பார்த்ததுண்டு.

நம் வீட்டுப் பிள்ளைகள் விரும்பிப் படிக்கும் ஹாரி பாட்டர் கதைவரிசையின் மூன்றாம் நூலை (1999) எடுத்துக்கொள்வோம். ஹெர்மயனி என்ற மாணவி ஒரே வேளையில் நடக்கும் பல பாடங்களையும் பயில வேண்டுமென்று, காலத்தைப் பின்னோக்கித் திருப்பும் சிறு மணற்கடிகாரம் ஒன்று அவளிடம் தரப்படுகிறது. அதைப் பெறுவதற்காக அவளுடைய ஆசிரியை மந்திர அமைச்சகத்துக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதி, படிப்பைத் தவிர வேறெதற்கும் இவள் இதைத் தொடமாட்டாள் என்று பொறுப்பேற்க வேண்டியிருந்தது. கதை முடிவதற்குள் அந்த வாக்கு மீறப்படுகிறது. குற்றமற்ற ஒரு மனிதனையும் ஒரு விலங்கையும் காப்பாற்றவே மீறப்படுகிறது. படிப்பவர் எவரும் அதற்காக அவளைக் கடிந்துகொள்வதில்லை, நாமும் மகிழ்ந்தோம்.

கூர்ந்து நோக்கினால் இங்கே ஆசிரியை ரௌலிங்கின் எச்சரிக்கை புலப்படும். அந்த விலங்கு கொல்லப்பட்டு, பின்னர் உயிர்பெற்று எழவில்லை. கோடரி விழுந்த ஓசையைக் கேட்டு அது மாண்டதென்று பிள்ளைகள் எண்ணினார்கள். கோடரி விழுந்ததோ வேலியின் மீது. வாக்கை மீற இடம் கொடுத்தவர், நடந்ததை மாற்ற இடம் கொடுக்கவில்லை. ஐந்தாம் நூலில் (2003) அக்கடிகாரங்கள் இருந்த அலமாரியையே உடைத்துவிட்டார். அவருக்கே அச்சம் வந்துவிட்டது போலும்!

ரே பிராட்பரி 1952இல் எழுதிய சிறுகதையில் இந்த ஆற்றல் ஒரு வணிக நிறுவனத்தின் கையில் இருக்கிறது. பணம் படைத்தவர்களைப் பண்டைய காலத்துக்கு வேட்டைக்கு அழைத்துச் செல்கிறார்கள். பாதையை விட்டு இறங்கக் கூடாது, மீறினால் அபராதம். அரசுக்கு இத்தொழிலில் விருப்பமில்லை. உரிமத்தைக் காக்கக் கையூட்டு கொடுத்து வருகிறார்கள். ஒருவன் அஞ்சிப் பாதை தவறி ஒரு வண்ணத்துப்பூச்சியை மிதித்துவிடுகிறான். திரும்பி வந்து பார்த்தால் நாட்டின் தேர்தல் முடிவே மாறிக் கிடக்கிறது. எல்லோரும் அந்தப் பூச்சியைப் பற்றியே பேசுவார்கள். நம் கண்ணில் பட்டது கையூட்டுதான்.

பேராசைக்காரர்களைச் சட்டத்தால் அடக்கலாம் என்றே வைத்துக்கொள்வோம். நல்லவர்களை எப்படி அடக்குவது? ஐசக் அசிமோவின் 1955ஆம் ஆண்டு நாவலில் காலத்தைத் திருத்தும் சபையினர் பணத்துக்கு ஆசைப்படுபவர்கள் அல்லர். மனித இனத்தின் துன்பத்தைக் குறைக்கவே கணக்கிட்டுக் கணக்கிட்டு வரலாற்றில் சிறு மாற்றங்களைச் செய்கிறார்கள். ஒவ்வொரு திருத்தத்திலும் வாழ்ந்திருந்த மனிதர்கள் பலர் வேறொருவராகிப் போகிறார்கள், அல்லது இல்லாமலே போகிறார்கள். எஞ்சியோருக்கு அது தெரிவதுமில்லை.

இத்தகைய சட்டத்தின் இடர்ப்பாடு இங்கேதான் இருக்கிறது. வியட்நாம் போரில் 1967 முதல் 1972 வரை அமெரிக்கா எதிரியின் வழித்தடத்தின் மீது மேகங்களில் இரசாயனம் தூவி மழையைப் பெருக்க முயன்றது. அதன்பின் 1977இல், இயற்கைச் சூழலைப் பெருமளவில் மாற்றிப் போர்க்கருவியாக்குவதைத் தடை செய்யும் உடன்படிக்கை ஜெனீவாவில் கையெழுத்தாயிற்று. அதை ஒரு நாடு மீறினால் மற்றொரு நாடு ஐ.நா. பாதுகாப்பு மன்றத்தில் முறையிடலாம். நனைந்தவனுக்குத் தான் நனைந்தது தெரியும். காலத்தைத் திருத்தியவன் மீது யார் முறையிடுவது? பிறக்காமலே போனவனுக்கு வழக்கில்லை; சாட்சியில்லை; அவனை எண்ணி அழுவதற்குத் தாயுமில்லை. கடிகாரத்தைக் கையில் வைத்திருப்பவனின் மனச்சாட்சியைத் தவிர வேறு நீதிமன்றம் இல்லை. அந்த ஆசிரியை அமைச்சகத்துக்கு எழுதியவை ஒரு மாணவியின் நற்குணத்துக்கான உறுதிமொழிகளாக அமைந்ததன் காரணம் அதுவே.

ஆகவே தடை வேண்டும் என்றே நாம் சொல்வோம். சொல்லும்போது நெஞ்சு உறுத்துகிறது. பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாயிடம், இன்னும் பிறவாத எவரோ சிலருக்காக உன் கையைக் கட்டிக்கொள் என்று கூற நமக்கென்ன தகுதி? மையித்து வீட்டில் எவரேனும் "அன்றைக்கு அனுப்பாமல் இருந்திருந்தால்..." என்று தொடங்கினால், பெரியவர்கள் பேச்சை முடிக்க விடுவதில்லை. அது இரக்கமற்ற செயல் என்றே இளவயதில் எண்ணியிருந்தோம்.

நமக்குத் தெரிந்த பெரியவர் ஒருவர் தம் மூத்த மகனை ஏழு வயதில் குளத்துக்குப் பறிகொடுத்தவர். குளிக்க அனுப்பியவர் அவரே. அத்துயரம் தாளாமல் ஊரையே விட்டு வந்தார்; மகளை வந்த ஊரில் மணமுடித்துக் கொடுத்தார். மகள் வயிற்றுப் பேரன் ஒருநாள் அந்த மணற்கடிகாரக் கதையைப் படித்துக் காட்டிவிட்டு, "நன்னா, இது உங்களிடம் இருந்தால் எந்த நாளுக்குப் போவீர்கள்?" என்று கேட்டிருக்கிறான்.

"என்ன சொன்னீர்கள்?" என்று வினவினோம்.

"ஒன்றும் சொல்லவில்லை, தம்பி. அவனைப் பக்கத்தில் இழுத்து உட்கார வைத்துக்கொண்டேன்" என்றார்.