யாருடைய மணிக்கூடு?

1996 மே மாதத்தில் இலங்கையின் மணிக்கூடுகள் ஒரு மணித்தியாலம் முன்னே நகர்த்தப்பட்டன. வறட்சியால் நீர்த்தேக்கங்கள் வற்றியிருந்தன. மின்சாரத்தை மிச்சப்படுத்தவே அந்த ஏற்பாடு. அதே ஆண்டு ஒக்டோபரில் அரை மணித்தியாலம் குறைக்கப்பட்டது. மீதி அரை மணித்தியாலம் 2006 ஏப்ரல் வரை நீடித்தது.

பள்ளிவாசல் அட்டவணையில் சுபஹுக்கும் லுஹருக்கும் உரிய இலக்கங்கள் மாறின. தொழுகையோ சூரியனையே தொடர்ந்தது. பாடசாலை மணிக்கு அந்தச் சுதந்திரம் இல்லை. தாய் பெரட்டுக் களத்துக்குப் போக, பிள்ளை தேயிலை மலையிறங்கி ஹட்டன் நகரத்துப் பாடசாலைக்கு நடக்கும் வழி இன்னும் இருட்டாகவே இருந்தது. அந்த நகரைச் சூழ்ந்தே காசல்ரீ, மவுஸ்ஸாக்கலை நீர்த்தேக்கங்கள் கிடக்கின்றன. அவற்றின் நீர் நாட்டுக்கு விளக்கேற்றியது. அன்று பல லயங்களில் குப்பி விளக்கே எரிந்தது. சேமிப்பு எல்லோருக்குமானது, இருட்டு சிலருக்கானது.

பொது அளவுகோலே வேண்டாம் என்று எவரும் சொல்லமாட்டார். பொது நேரமின்றி ரயிலும் ஓடாது, பரீட்சையும் நடக்காது. ஆனால், எல்லோருக்கும் ஒரே அளவு என்பதும் எல்லோருக்கும் நீதி என்பதும் ஒன்றுதானா?

பல்கலைக்கழக அனுமதியிலும் இதே கேள்வி நிற்கிறது. பெரும்பாலான கற்கைநெறிகளில் 40 வீத இடங்கள் அகில இலங்கைத் திறமை வரிசைப்படியும், 55 வீதம் மாவட்டச் சனத்தொகைப்படியும், 5 வீதம் கல்வியில் பின்தங்கிய 16 மாவட்டங்களுக்கும் வழங்கப்படுகின்றன. அந்தப் பதினாறில் நுவரெலியாவும் ஒன்று. விடியல் எல்லா ஊரிலும் ஒரே நேரத்தில் வருவதில்லை என்பதை ஒப்புக்கொள்ளும் முறை இது. கூடிய புள்ளி பெற்றும் இடம் கிடைக்காத வேறு மாவட்டத்து மாணவரின் மனத்தாங்கலையும் நாம் அலட்சியம் செய்யலாகாது. அவரும் இரவிரவாகக் கண்விழித்தவரே.

எனினும், இந்த முறை மாவட்டத்தைப் பார்க்கிறது, வீட்டைப் பார்ப்பதில்லை. நகரில் பிரத்தியேக வகுப்புக்குப் போகும் வர்த்தகரின் பிள்ளையும், விஞ்ஞானப் பிரிவைத் தேடித் தோட்டத்திலிருந்து பல மைல் வரும் கொழுந்து பறிப்பவரின் பிள்ளையும் ஒரே மாவட்டக் கணக்கிலேயே அடங்குகிறார்கள். முதலாமவர் பெரும்பாலும் நம் வீட்டுப் பிள்ளையாகவும் இருக்கலாம். சலுகை நமக்குக் கிடைக்கும்போது அதை நீதி என்று அழைப்பது எளிது.

அளவுகோல் எதுவாயினும் அதை வைப்பவர் ஒன்றைக் கேட்டாக வேண்டும்: இதனால் இருட்டில் நடக்கப்போகிறவர் யார்? 2006இல் மணிக்கூட்டைப் பின்னே திருப்ப முடிந்தது. உயர்தர வகுப்பை எட்டாமலே தோட்டத்தை விட்டு வேலை தேடிப்போன பிள்ளையின் ஆண்டுகளை அப்படித் திருப்ப எந்தக் கையாலும் முடியாது.