குடிபெயரும் துணிவு

பொதுக்காலம் 13ஆம் ஞாயிறு – மூன்றாம் ஆண்டு
1 அரசர்கள் 19:16, 19-21, கலாத்தியர் 5:1, 13-18, லூக்கா 9:51-62



எருசலேமை நோக்கிப் புறப்பட்ட இயேசுவுக்குச் சமாரியர் ஊர் ஒன்று தங்க இடம் தர மறுக்கிறது. நரிக்குக்கூட இருக்கும் ஒதுக்கிடம் தமக்கு இல்லை என்பதை, பின்தொடர வந்தவரிடம் அவர் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறார். இருப்பிடத்தைப் பிடித்துக்கொண்டே அவர் பின்னால் போக முடியாது என்பதுதான் இன்றைய செய்தி.

படைப்பிலும் இதற்கொரு பாடம் உண்டு. இங்கிலாந்தின் யார்க்‌ஷயர் கடற்கரையில் ஸ்பீட்டன் என்ற ஊர் இருக்கிறது. அங்குள்ள களிமண் படிவில், அம்மோனைட் என்னும் பழங்காலக் கடலுயிரின் சுருள் ஓடு ஒன்று கிடைத்தது. அதற்குள், குடியிருந்த நிலையிலேயே கல்லாகிப்போன ஒரு துறவி நண்டு! பேலியோபாகுரஸ் என்னும், இன்று அற்றுப்போன பேரினத்தைச் சேர்ந்தது அது. வயது ஏறத்தாழ 13 கோடி ஆண்டுகள். ரெனே ஃப்ராய்யே என்ற ஆய்வாளர் 2003இல் அதைப் பற்றி எழுதினார்.

துறவி நண்டின் பின்னுடல் மென்மையானது. அதற்குச் சொந்த ஓடு கிடையாது; இறந்துபோன வேறோர் உயிரின் ஓட்டில் புகுந்துதான் பிழைக்கும். உடல் வளர்ந்தால் ஓடு இறுகும். அப்போது பெரிய ஓட்டுக்கு மாறியாக வேண்டும். மாறும் அந்தச் சில நொடிகளில் அதற்குப் பாதுகாப்பே இல்லை, ஆனாலும் மாறுகிறது. அது விட்டுப்போன ஓட்டில் அதைவிடச் சிறிய நண்டு குடியேறுகிறது.

ஏறத்தாழ 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன், டைனோசர்களை அழித்த பேரழிவையொட்டி அம்மோனைட்டுகளும் மறைந்தன. துறவி நண்டுகளோ இன்றும் வாழ்கின்றன, பெரும்பாலும் நத்தை ஓடுகளில். வீடு கொடுத்த குலம் போயிற்று. குடியிருந்த குலம் வேறு வீடு கண்டது.

முதல் வாசகத்தின் எலிசாவைப் பாருங்கள். பன்னிரண்டு ஏர் பூட்டி உழுத வசதியான வீட்டுப் பிள்ளை. இறைவாக்கினர் எலியாவின் போர்வை அழைப்பாகத் தோளில் விழுந்ததும், ஏர் மாடுகளை அடித்து, கலப்பை மரத்தையே விறகாக்கிச் சமைத்து, மக்களுக்குப் பரிமாறிவிட்டுப் போகிறார். அவர் விட்டது வீணாகவில்லை, ஊருக்கு உணவாயிற்று.

நாம் விட வேண்டியது எது? பதவிக்காலம் முடிந்தும் பங்குப் பேரவையிலோ பாடற்குழுவிலோ இளையவருக்கு வழிவிடாத பிடிவாதமா? மணமான மகனை இன்னும் கைக்குள் வைத்திருக்கும் பாசமா? உடன்பிறந்தவரோடு பாகப்பிரிவினையில் தொடங்கிய பகையா? அவற்றுள் சில ஒரு காலத்தில் நம்மைக் காத்தவைதான். அதற்காக நன்றி சொல்வோம். ஆனால் இன்று அவை நம்மை இறுக்குகின்றன. அடுத்தவருக்குரிய இடத்தையும் அடைத்துக்கொண்டிருக்கின்றன. கிறிஸ்து தந்த விடுதலையை மீண்டும் நுகத்தடிக்குள் கொண்டுபோய் மாட்டாதீர்கள் என்றுதான் பவுலடியார் கலாத்தியரிடம் மன்றாடுகிறார்.

விட்டுவிட்டால் இடைப்பட்ட காலத்தில் நம்மை யார் காப்பார் என்ற அச்சம் இயல்பானதே. அந்த வெறுமையில்தான் நம்பிக்கைக்கு வேலை இருக்கிறது. நம் ஆண்டவர் பிறருக்காக வெட்டப்பட்ட கல்லறையில் கிடத்தப்பட்டார். அதையும் விட்டு வெளியே வந்தார். அவரைப் பின்பற்றும் நாம், இந்த வாரம் ஒரு பிடியையாவது தளர்த்துவோம். அதனால் யார் வாழ்வு பெறுவார் என்று எண்ணி, அந்த ஒருவரிடமே அதை ஒப்படைப்போம். அதற்கான துணிவை இத்திருப்பலியில் கேட்டு மன்றாடுவோம். ஆமென்.