அளந்து கொடுத்தவர்கள்

லெனின்கிராட் நகரை ஜெர்மன் படைகள் 1941 செப்டெம்பர் 8-ஆம் திகதி சுற்றி வளைத்தன. முற்றுகை முழுதாக விலகியது 1944 ஜனவரி 27-இல். முதல் குளிர்காலத்தில், நவம்பர் கடைசியில், வேலைக்குப் போகாதவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் ஒரு நாளைக்குக் கிடைத்த பாண் 125 கிராம். நம்முடைய கணக்கில் கால் றாத்தலுக்குக் கொஞ்சம் கூட. அதிலும் முழுக்க மா கிடையாது. மரக்கூழும் புண்ணாக்கும் கலந்து சுட்டது. அந்த நகரத்தின் நடுவே ஒரு தாவர ஆய்வு நிலையம் இருந்தது. நிக்கொலாய் வவிலோவ் என்ற விஞ்ஞானி பல நாடுகளில் அலைந்து சேர்த்த விதைகள் அங்கே இருந்தன. கோதுமை, சோளம், பயறு, நிலக்கடலை, நெல் எல்லாம் மூட்டையும் பெட்டியுமாக. நெல்லுக்குப் பொறுப்பாக இருந்தவர் டிமித்ரி இவானோவ். 1942 ஜனவரியில் அவர் பட்டினியால் செத்தார். ஆயிரக்கணக்கான நெற்பொதிகள் அவருடைய காவலில் பிரிக்கப்படாமல் இருந்தன. நிலக்கடலைக்குப் பொறுப்பான ஷூக்கினும் வேறு சிலரும் அதே கட்டடத்தில் அப்படியே போனார்கள்.

ரஷ்யர்களின் வீரம் என்றால் எங்கள் தலைமுறைக்கு முதலில் நினைவுக்கு வருவது வேறு. மொஸ்கோவில் அச்சாகி மலிவு விலைக்கு வந்த தமிழ்ப் புத்தகங்கள் இலங்கை மலையகத் தேயிலைத் தோட்டத்து லயங்களுக்குள்ளும் புகுந்திருந்தன. அப்பா தகரப்பெட்டியில் வைத்திருந்தவற்றில் ‘உண்மை மனிதனின் கதை’யும் ஒன்று. அது விமானி அலெக்சேய் மரேஸ்யெவின் கதை; அவர் 1942-இல் விமானம் விழுந்து, உடைந்த கால்களோடு பனிக்காட்டில் 18 நாட்கள் ஊர்ந்து தப்பியவர். இரண்டு கால்களையும் முழங்காலுக்குக் கீழே வெட்டிய பிறகும் அடுத்த ஆண்டே பொய்க்கால்களோடு மறுபடி சண்டை விமானம் ஓட்டினார். அந்தப் புத்தகத்தை அட்டை கழன்று போகும்வரை படித்தோம். இன்றைக்கும் மரேஸ்யெவின் மேல் எனக்கு மரியாதை குறையவில்லை. ஆனால் வயது ஏற ஏற, மனசு போய் நிற்பது இவானோவிடம்தான். காரணம், எங்கள் குடும்பத்தில் நடந்த ஒன்று.

1973-இல் உலகச் சந்தையில் தானிய விலை ஏறியது. இலங்கை அரசு கூப்பன் அரிசியைக் குறைத்தது, மாவைக் குறைத்தது, சீனியைக் குறைத்தது. அடி எல்லோருக்கும் விழுந்தது என்றாலும் எல்லோருக்கும் ஒரே மாதிரி விழவில்லை. கிராமத்தில் இருந்தவர்களுக்கு மரவள்ளியோ வற்றாளையோ நட ஒரு துண்டுக் காணியாவது இருந்தது. தோட்டத்து ஆட்களுக்கு லயத்தைச் சுற்றிய மண்கூடத் தோட்டத்துக்குச் சொந்தம். வேலை நாட்களையும் குறைத்தார்கள். வேலைக்கு ஆள் எடுக்கும் பெரட்டுக்குப் போய் நின்றாலும் பேர் விழாது என்ற நிலைமை. பலர் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு கண்டிக்கும் கொழும்புக்கும் கையேந்தப் போனார்கள். தோட்டங்களில் 1974-இல் செத்தவர்களின் விகிதம் நாட்டுச் சராசரியைவிட வெகுவாக ஏறியது. நாட்டுக்கு அந்நியச் செலாவணி கொண்டுவந்த தேயிலை அந்த ஆண்டும் கப்பலேறியது. அதைப் பறித்த கைகளுக்கு மா கிடைக்கவில்லை.

எங்கள் அப்பாயி அப்போது பிள்ளைக்காம்பராவில் ஆயா. கொழுந்தெடுக்கப் போகும் தாய்மார் விட்டுப் போகும் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வது வேலை. அந்தப் பிள்ளைகளுக்கென்று பால்மா டின் வரும். அப்பாயி கரண்டியால் மாவை அள்ளி, கத்தி முதுகால் மேலே வழித்துவிட்டுத்தான் குவளையில் போடுவார். வழித்த தூள் டின்னுக்குள்ளேயே விழும்படி கரண்டியை டின்னுக்கு மேலே பிடிப்பார். வயதான காலத்தில் எனக்குத் தேத்தண்ணிக்குச் சீனி போடும்போதும் அந்தக் கை அப்படித்தான் போனது. பழக்கம் விடவில்லை.

சித்தப்பாவுக்கு அப்போது ஏழு வயது. பிள்ளைக்காம்பரா வயதைத் தாண்டிவிட்டார். பசியோடு வந்து கதவடியில் நிற்பார். உள்ளே சின்னப் பிள்ளைகள் குடிப்பதைப் பார்த்துக்கொண்டே நிற்பார். அப்பாயி ஒரு நாளும் அவருக்கு ஒரு வாய் கொடுத்ததில்லை. “வீட்டுக்குப் போடா” என்று சொல்லிவிட்டு முதுகைத் திருப்பிக்கொள்வாராம்.

இதைச் சித்தப்பாவே எனக்குச் சொன்னார், ஐம்பது வயதைக் கடந்த பிறகு. பெருமையாகச் சொல்லவில்லை. “நானும் அவங்க பெத்த புள்ளதானே? ஒரு கரண்டி கரைச்சுக் குடுத்திருந்தா என்னா கொறஞ்சிருக்கும்?” என்றார். அவர் குரலில் இருந்த கோபம் பழையதாகவே இல்லை. அப்பாயி உயிரோடிருந்தபோது நானும் ஒருமுறை அவரிடம் இதைக் கேட்டிருந்தேன். “அது அவனுக்கு வந்ததில்லியே சாமி. டின்னுல கணக்கு இருக்கு. இவனுக்குப் போட்டா கடைசிப் புள்ளைக்கு வெறுந்தண்ணிதான்” என்றார். அதற்கு மேல் அவர் பேசவில்லை. நானும் கேட்கவில்லை.

வீரத்தைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் நான் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான். தன் பசியைத் தான் அடக்கினால் அது அவரவர் முடிவு. தன் பிள்ளையின் பசியைச் சேர்த்து அடக்க ஒருவருக்கு என்ன உரிமை? லெனின்கிராட்டில் விதைகளைக் காத்தவர்களுக்கும் வீடு இருந்தது, ஆட்கள் இருந்தார்கள். ஒரு பிடி நெல்லை வீட்டுக்குக் கொண்டுபோயிருந்தால் யாரோ ஒருவர் இன்னும் ஒரு வாரம் இருந்திருப்பார். போருக்குப் பிறகு அந்த விதைகளிலிருந்து பயிர்கள் விளைந்தன, ஊர் சாப்பிட்டது என்று நாம் சொல்லித் தேற்றிக்கொள்கிறோம். 1942 ஜனவரியில் அந்தக் கட்டடத்துக்குள் இருந்தவர்களுக்கு அப்படி ஒரு முடிவு வரும் என்று எவரும் எழுதிக் கொடுக்கவில்லை.

நான் அப்பாயி செய்தது சரி என்றே நினைக்கிறேன். தன் கையில் ஒப்படைத்தது தன்னுடையது இல்லை என்பதை வயிறு எரியும்போதும் மறக்காதவர் அவர். டின்னிலிருந்து ஒரு கரண்டி போனால் அடுத்த நாள் இன்னொரு ஆயாவின் பிள்ளைக்கு ஒரு கரண்டி போகும். பத்து நாளில் பலமில்லாத தாயின் பிள்ளைக்கு ஒன்றும் இராது. அதே மூச்சில், சித்தப்பாவின் கோபமும் சரி என்கிறேன். அவர் எதையும் தேர்ந்தெடுக்கவில்லை. அவருடைய பங்கைக் கேட்காமலே எடுத்துக் கொடுத்த வீரம் அது. “உங்க அம்மா எவ்வளவு பெரிய மனுசி தெரியுமா” என்று அவரிடம் போய்ச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

கணக்குக் கேட்க வேண்டியது வேறு ஆட்களிடம். வவிலோவை 1940-இல் கைது செய்தது அவருடைய சொந்த அரசு. தன் ஆட்கள் விதைகளுக்கு அருகில் பட்டினி கிடந்து சாக, அவற்றைச் சேர்த்த மனிதர் 1943 ஜனவரியில் சரத்தோவ் சிறையில் பசியால் வதங்கிச் செத்தார். அந்த அரசுதான் பிறகு முற்றுகையின் வீரத்துக்குப் பதக்கங்களும் கொடுத்தது. பசியை உண்டாக்கியவர்களும் உண்டாக விட்டவர்களும், பசியைத் தாங்கியவர்களை மேடையில் புகழ்வது எல்லா நாட்டிலும் நடக்கிறது. ‘மலையகத் தாயின் பொறுமை’ என்று மே தினத்துக்கு மே தினம் கேட்டுக் கேட்டு எனக்குச் சலித்துவிட்டது. பொறுமையைப் புகழ்வதில் ஓர் ஆபத்து இருக்கிறது; அடுத்த முறையும் பொறுத்துக்கொள் என்பதும் அதற்குள்ளேயே இருக்கிறது.

பொறுக்க மறுத்தவர்களும் இங்கே இருந்தார்கள் என்பதைச் சேர்த்துச் சொல்லியாக வேண்டும். இரண்டாம் உலகப் போர் தொடங்கி நான்கு மாதம். பிரித்தானியாவுக்கு இலங்கைத் தேயிலை முன்னைவிடத் தேவைப்பட்ட நேரம். ஹேவாஹெட்டப் பக்கம் முல்லோயா தோட்டத்தில் சம்பளம் கூட்டிக் கேட்டு வேலையை நிறுத்தினார்கள். 1940 ஜனவரி 10-ஆம் திகதி பொலிஸ் சுட்டதில் கோவிந்தன் செத்தார். 1977 மே மாதம், தோட்டக் காணியைப் பிரித்து வெளியாருக்குக் கொடுக்கும் திட்டத்தை எதிர்த்து நின்ற டெவன் தோட்டத்துச் சிவனு லெட்சுமணன் சுடப்பட்டார். இவர்கள் இருவரையும் நம் ஆட்கள் மறக்கவில்லை. பஞ்சத்தில் அடிபட்ட அதே சனம்தான் டெவனில் மண்ணை விடமாட்டோம் என்று நின்றது. கரண்டியை வழித்து அளந்தவர்களையும் காணிக்கு முன்னால் நின்றவர்களையும் தனித்தனிக் கூட்டமாக நான் பார்க்கவில்லை. பல வீடுகளில் இரண்டும் ஒரே ஆள்.

1977-க்குப் பிறகு தமிழர் மீதான வன்செயல்களுக்கு அஞ்சி மலையகத்திலிருந்து வவுனியா, கிளிநொச்சி என்று போய்க் குடியேறியவர்கள் கொஞ்ச நஞ்சமல்ல. 2009-இல் உள்நாட்டுப் போரின் கடைசி நாட்களில் முள்ளிவாய்க்காலில் அகப்பட்டவர்களிலும் அவர்கள் உண்டு. எறிகணை விழுந்துகொண்டிருக்க, அரிசியை எண்ணிப் போட்ட மாதிரியான தண்ணிக் கஞ்சியைப் பெரிய பாத்திரத்தில் காய்ச்சி, வரிசையில் நின்றவர்களுக்கு ஊற்றியவர்கள் அங்கே இருந்தார்கள். அந்த வரிசைகளின் மேலும் குண்டு விழுந்தது. ஒவ்வொரு மே மாதமும் தமிழர்கள் அந்தக் கஞ்சியைக் காய்ச்சிக் குடிக்கிறார்கள். போரை நினைவுகூர நான் அறிந்த வழிகளில் எனக்கு மிக நெருக்கமானது அது. துப்பாக்கி யாருடைய கையில் இருந்தது என்பதை விட்டுவிட்டு, அகப்பை பிடித்தவர்களை நினைக்க வைக்கிறது.

லெனின்கிராட்டின் கதையையும் அப்படி நினைக்கத்தான் ஆசை. ஆனால் 2022 பெப்ரவரியில் உக்ரேனுக்குள் படையை அனுப்பிய ரஷ்ய அரசு அந்தப் பழைய போரின் வீரத்தையே எடுத்துப் பேசியது. அடுத்த மாதமே, முற்றுகைக்குள் இருந்த மரியுபோல் நகரத்தில் சனங்கள் நிலவறைகளில் ஒண்டி, பனியை உருக்கித் தண்ணீர் குடித்தார்கள். முற்றுகைப் பசியில் செத்தவர்களை ஆண்டுதோறும் வணங்கும் ஒரு நாட்டின் படைதான் அந்த நகரத்தை முற்றுகையிட்டது. இதை எழுதும்போது கை நடுங்குகிறது. செத்தவர்களின் வீரத்தை அரசு எடுத்துக்கொண்டு போய்விட்டால், அது எதற்கும் பயன்படும். இன்னொரு ஊரைப் பட்டினி போடவும் பயன்படும்.

ஆகவே அந்தக் கதைகள் அவரவர் வீட்டிலும் ஊரிலும் இருக்க வேண்டும், சித்தப்பாவின் கோபத்தைக் கழித்துவிடாமல். 1974-இல் பிள்ளைக்காம்பராவில் வேலை செய்தவர்கள், சங்கக் கடையில் மா நிறுத்தவர்கள் ஹட்டன், மஸ்கெலியா, தலவாக்கலைப் பக்கம் இன்னும் சிலராவது இருக்கிறார்கள். எல்லாருக்கும் வயதாகிவிட்டது. எங்கள் பள்ளியில் உயர்தர வகுப்புப் பிள்ளைகளிடம் இந்த விடுமுறைக்கு அதைத்தான் வேலையாகக் கொடுத்திருக்கிறேன்: போய்க் கேளுங்கள், பேரோடும் தோட்டத்தோடும் டிவிஷனோடும் எழுதிக் கொண்டு வாருங்கள். ஆயாவிடமும் கேளுங்கள், அவருடைய பிள்ளையிடமும் கேளுங்கள். இரண்டு பேரையும் ஒன்றாக உட்கார வைத்துக் கேட்காதீர்கள். ஒருவர் இருக்கும்போது மற்றவர் வாயைத் திறக்கமாட்டார்.